டுக்கு கடலைச் சேர்ந்த சாயங்காலம்

பரமசிவன் இறந்த அன்றே அவருடைய அக்கா முப்பிடாதியம்மாள் டிவியைச் சுவர்ப்பக்கம் திருப்பி, பழைய வேட்டி ஒன்றால் மூடி, ஒயரையும் பிடுங்கிவிட்டாள். வடகரையில் அவர்கள் சனத்தில், பதினாறு கழியும்வரை இழவு வீட்டில் டிவி ஓடாது. புருஷனைப் பறிகொடுத்தவள் அதுவரை வாசல்படி தாண்டவும் கூடாது. அவர் மனைவி ஆனந்தவள்ளிக்கு இது தெரியாததல்ல. இலத்தூரிலிருந்து வாக்கப்பட்டு வந்த நாள் முதலாய் எத்தனையோ 'கூடாது'களுக்குத் தலையாட்டியவள்தான். மதினி முப்பிடாதியம்மாள் பேச்சுக்கு மறுபேச்சு பேசாதவள் என்று தெருவில் அவளுக்குப் பெயர்.

பதினாறு வருவதற்கு முன்னாலேயே டுக்குவின் கடைசி நாள் வந்துவிட்டது.

டுக்கு ஒரு கார்ட்டூன் ஆமை. எங்கேயோ மலையுச்சியில் முட்டையை உடைத்து வெளியே வந்து, கடலைத் தேடி நடக்கிற ஆமை. மகள் நிவேதா நடை பழகிய காலத்தில் தொடங்கியது. நிவேதா வளர்ந்து கல்லூரிக்கே போய்விட்டாள். டுக்கு இன்னும் போய்ச் சேரவில்லை. பள்ளிக்கூட நாளிலேயே அவள் அதைப் பார்ப்பதை விட்டுவிட்டாள். பரமசிவன்தான் விடவில்லை. போலீஸில் ஏட்டு அவர். சீசன் முழுக்க ஐந்தருவியில் நின்று, குளித்தது போதாதென்று நிற்கிற கூட்டத்தை விசிலடித்து விரட்டிவிட்டு, தொண்டை கட்டி வீட்டுக்கு வருவார். பூட்ஸைக் கழற்றியதும் டுக்குதான்.

"ஏட்டையா, ஒங்க ஆமை எங்கன வந்திருக்கு? தென்காசி தாண்டிட்டா?" என்று ஸ்டேஷனில் கேலி பேசுவார்கள்.

"ஆமை மெதுவாத்தாம்லே போவும். ஒனக்கு என்ன அவசரம்?" என்பார்.

ஆனந்தவள்ளி வீட்டிலேயே பிளவுஸ் தைப்பவள். ஜன்னல் வெளிச்சம் வேண்டுமென்று தையல் மிஷினைப் போட்டிருந்ததில், டிவி அவள் முதுகுக்குப் பின்னால் போய்விட்டது. அதனால் டுக்குவை அவள் கண்ணால் பார்த்ததைவிட அவர் சொல்லிக் கேட்டதுதான் அதிகம். "வள்ளி, பாலத்துல ஏறிட்டான்." "வள்ளி, நரி வருது. ஓட்டுக்குள்ள போயிட்டான் பய." மிஷின் சத்தத்துக்கு மேலே அந்தக் கட்டைத் தொண்டையில் கத்துவார். இவளும் நூலைப் பல்லில் கடித்துக்கொண்டே, "பெறவு?" என்பாள்.

தொடரை முடிக்கப்போகிறார்கள் என்று விளம்பரம் வந்த அன்று அவருக்குச் சோறு இறங்கவில்லை. "கடலைக் காட்டிருவானுவளா வள்ளி?" என்று கேட்டார். அந்த வாரமே நெஞ்சில் கரிப்பு வந்தது. போய்ச் சேர்ந்துவிட்டார்.

டுக்குவின் கடைசி நாளன்று மத்தியானம் ஆனந்தவள்ளி சொன்னாள்: "மதினி, சாயங்காலம் டிவியைத் திருப்பணும். டுக்கு முடியுது."

முப்பிடாதியம்மாளுக்கு விளங்கவே கொஞ்ச நேரம் ஆயிற்று. "ஏட்டி, கிறுக்கா பிடிச்சிருக்கு ஒனக்கு? இழவு வீட்டுல பொம்மைப் படமா?"

"சத்தத்தைக் கொறச்சு வைக்கேன்."

"சத்தம் ஒண்ணுதான் கொறச்சலாக்கும். என் தம்பிய வச்ச எடத்துல ஈரம் காயலட்டி."

"ஒங்க தம்பிதான் அதைப் பாக்கணும்னு கெடந்தாவ."

நிவேதா தாயின் கையைப் பிடித்தாள். "யூடியூப்ல போடுவாங்கம்மா. எல்லாம் முடியட்டும், அப்புறம் பாத்துக்கலாம்."

"அப்புறம் அப்புறம்னு சொல்லித்தான் ஒங்கப்பா ஆஸ்பத்திரிக்கே போவல."

முப்பிடாதியம்மாள் ஒயரைச் சுருட்டி இடுப்பில் செருகிக்கொண்டாள். ஆனந்தவள்ளி அதைப் பார்த்தாள். எழுந்தாள். அவிழ்ந்து கிடந்த கூந்தலை அள்ளி முடிந்தாள். வாசல்படியைத் தாண்டித் தெருவில் இறங்கினாள்.

எதிர்வீடு மெஹர் பானுவுடையது. அவள் புருஷன் சவூதியில் இருக்கிறான். கதவைத் திறந்த மெஹர் பானுவுக்கு முகம் வெளுத்துவிட்டது.

"யக்கா! நீங்க எதுக்கு வெளிய வந்திய? சொல்லிவிட்டா நான் வந்திருப்பேன்லா!"

"டிவியத் தலையில தூக்கிட்டா வருவ? டுக்கு வைட்டி."

"ஒங்க மதினி என்னையும் சேத்து ஏசுவாவளே."

"ஏசட்டும். வாங்கிக்கிட நான் இருக்கேன்."

டிவிக்கு நேர் எதிரே சம்மணம் போட்டு உட்கார்ந்தாள். டுக்கு நீல நிறம். இத்தனை வருசமும் பழுப்பு என்றே நினைத்திருந்தாள். தெருவில் முப்பிடாதியம்மாளின் குரல் ஏறியது. இன்னும் நாலைந்து குரல்கள் சேர்ந்துகொண்டன. மெஹர் பானு கதவைச் சாத்தப் போனாள்.

"தொறந்தே கெடக்கட்டும். நான் என்ன களவாங்கவா வந்திருக்கேன்?"

முடிந்ததும் எழுந்து, தெரு முழுவதும் பார்க்க நடந்து வீட்டுக்கு வந்தாள். தலை குனியவில்லை. உள்ளே விளக்கேற்றியிருந்தது. சாயங்காலத்து ஒப்பாரிக்கு உறவுப் பெண்கள் வட்டமாக உட்கார்ந்திருந்தார்கள். யாரும் இவள் முகத்தைப் பார்க்கவில்லை. இவள் போய்ப் பரமசிவன் படத்துக்கு முன்னால் தன் இடத்தில் உட்கார்ந்தாள். முதல் குரல் இவளுடையதாகத்தான் இருக்க வேண்டும். எல்லோரும் அதற்காகக் காத்திருந்தார்கள்.

"ஏங்க," என்றாள், மிஷின் ஓடுகிறபோது பேசுகிற அதே உரத்த குரலில். "கடைசி மணல்மேட்டுல ஏறவே பாதி நேரத்தைத் தின்னுட்டானுவ. நண்டு ஒண்ணு வந்து, 'திரும்பிப் போ, அந்தப் பக்கம் ஒண்ணுமில்ல'ன்னுச்சு. இவன் கேக்கல. ஊந்து ஊந்து ஏறிட்டான்."

"ஏட்டி, நிறுத்து!" என்றாள் முப்பிடாதியம்மாள்.

"பாட்டப் போட்டு என்னைய அழ வைக்கப் பாத்தானுவ. நான் அழல. மேட்டு உச்சியில நின்னான். அந்தப் பக்கம் பூரா..." சொல்லிக்கொண்டே போனவள் மூச்சு வாங்க நிறுத்தினாள்.

முப்பிடாதியம்மாள் மூக்கைச் சிந்தினாள். பிறகு அவள் வாயிலிருந்துதான் வந்தது: "கடலு இருந்துச்சாட்டி?"

"நான் ஒங்களுக்குச் சொல்லல மதினி. அவுகளுக்குச் சொல்லுதேன்," என்றாள் ஆனந்தவள்ளி. படத்தின் பக்கம் இன்னும் கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்து, விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தாள்.