இடியின் அம்மா

அந்தத் தெருவில் அவளைப் பேட்டரிக்கடைக்காரனின் அம்மா என்று சொன்னால் யாருக்கும் சட்டென்று பிடிபடாது. இடியின் அம்மா என்றால் பழைய ஆட்கள் எழுந்தே நிற்பார்கள். இத்தனைக்கும் இடி அவள் வயிற்றில் பிறந்தவன் அல்ல. கடைக்காரன்தான் பிறந்தவன்.

இளம் வயதில் கணவன் போய்ச் சேர்ந்ததும், டிவி நிலையத்தின் உடை அறையில் அவள் தையல் வேலைக்குச் சேர்ந்தாள். சனிக்கிழமை சாயங்காலம் குஸ்தி நிகழ்ச்சி நேரலையாகப் போகும். யார் ஜெயிப்பது, யார் தோற்பது என்பதெல்லாம் வெள்ளிக்கிழமையே முடிவாகிவிடும். முடிவாகாதது ஒன்றுதான்: எவனுடைய இறுக்கக் கால்சட்டை எந்த நேரத்தில் கிழியும் என்பது. அதற்காக அவள் ஊசிநூலோடு கோதாவின் ஓரத்திலேயே நிற்பாள். ஒருநாள் இடி என்கிற இளம் வீரன் கயிற்றைத் தாண்டி அவள் கால்மேல் வந்து விழுந்தான். வலி தாங்காமல் அவள் விக்கி விக்கி அழுதாள். கேமராவில் அது விழுந்துவிட்டது. அந்தப் பையனின் அம்மாவா அது, பாவம், யார் அவள் என்று நிலையத்துக்கு ஓயாமல் போன் வந்தது.

மேனேஜர் பிடித்துக்கொண்டார். அடுத்த வாரத்திலிருந்து முதல் வரிசையில் அவளுக்கு ஒரு நாற்காலி. வேலை சுலபம். இடி தரையில் கிடப்பான். வில்லன் கரடி கோதாவை விட்டு இறங்கி வந்து அவள் கைப்பையைப் பிடுங்கிக் கொட்டுவான், நாற்காலியை உருவி அவளைக் கீழே தள்ளுவான். அவள் அழ வேண்டும். அழுகைச் சத்தம் காதில் விழுந்ததும் இடி சிலிர்த்துக்கொண்டு எழுந்திருப்பான். வீரர்கள் உடம்பில் தேய்த்துக்கொள்ளும் தைலத்தில் ஒரு சொட்டைக் கைக்குட்டை ஓரத்தில் வைத்துக்கொண்டால் கண்ணீர் தானாக வரும். விசும்பலும், நெஞ்சில் கை வைப்பதும், நடுவில் ஒரு வார்த்தையை விழுங்குவதும் அவளாகக் கற்றுக்கொண்டது. நாளடைவில் மேடைக்குப் பின்னாலும் இடி அவளை அம்மா என்றே கூப்பிட ஆரம்பித்தான். அது அவளுக்குப் பிடித்திருந்தது.

இடையூறு அவள் பெற்ற பிள்ளைதான். அவனுக்கு அப்போது எட்டு வயது. இடிக்குக் கூடப்பிறந்தவர்கள் இல்லை என்று பத்திரிகையில் வந்தாகிவிட்டது. விஷயம் வெளியே தெரிந்தால் உனக்கும் வேலை இல்லை, எனக்கும் வேலை இல்லை என்றார் மேனேஜர். பையனைத் தன் அக்கா வீட்டில் கொண்டுபோய் விட்டாள். பெரியம்மா அம்மாவானாள், அம்மா சித்தியானாள்.

"என்னைப் பாத்தா சித்தின்னு கூப்பிடணும், சரியா?" என்று சொல்லிக்கொடுத்தாள்.

"வீட்டுக்குள்ள?" என்று கேட்டான் பையன்.

"வீட்டுக்குள்ளயும் அப்படியே பழகிக்கோ. இல்லன்னா வெளியில வாய் தவறிடும்."

பையன் நன்றாகவே பழகிக்கொண்டான். ஒரே ஒரு சனிக்கிழமை மட்டும் வாய் தவறியது. பக்கத்து வீட்டு டிவிக்கு முன்னால் நிகழ்ச்சிக்கு ஒரு மணி நேரம் முன்பே வந்து காத்திருந்த பையன்களிடம், இடியோட அம்மா எங்கம்மாதான் என்று சொல்லிவிட்டான். பொய் சொல்லாதே என்றார்கள். பொய் இல்லை என்றான். நாலு பேர் சேர்ந்து அவனைக் குப்புறப் போட்டு, கரடி போடுகிற பிடியையே போட்டுக் கையை முறுக்கினார்கள். உண்மையைச் சொன்னால் விட்டுவிடுகிறோம் என்றார்கள். அவன் உண்மையைத்தான் சொல்லிக்கொண்டிருந்தான். முழங்கை முறிந்தது. அக்கா ஆஸ்பத்திரியிலிருந்து நிலையத்துக்குப் போன் செய்தாள். இவள் நிகழ்ச்சி முடிந்துதான் வந்தாள், கன்னத்தில் மை வழிந்தபடி. சேதி இப்போதுதான் கிடைத்தது, கிடைத்ததும் ஓடி வந்தேன் என்றாள். அக்கா அதை நம்பினாள். பையன் அவள் கன்னத்து மையையே பார்த்துக்கொண்டிருந்தான். அந்தக் கை அதற்குப் பிறகு நேராகவே இல்லை.

சில வருஷங்களில் நிகழ்ச்சி நின்றது. அவள் மகனைத் திரும்பக் கூட்டி வந்து, வீட்டோடு தையல் போட்டு வளர்த்தாள். அவன் பேட்டரிக்கடை வைத்தான், கல்யாணம் செய்துகொண்டான், முட்டி விட்டுப்போன அம்மாவைத் தன்னோடு வைத்துக்கொண்டான். குறை சொல்ல முடியாத பிள்ளை என்றுதான் எல்லோரும் சொன்னார்கள். மடங்கிய கையில் பேட்டரியை அணைத்துத் தூக்குவதைப் பார்த்து அவளே சில நேரம் முகத்தைத் திருப்பிக்கொள்வாள்.

வினை இணையத்தில் வந்தது. பழைய ஒளிப்பதிவுகளைச் சேர்த்து வைத்திருந்த யாரோ ஒரு ரசிகன், அந்தப் போட்டிகளை வாரத்துக்கு ஒன்றாக வெளியிடத் தொடங்கினான். மகன் பெரிய டிவி ஒன்றை வாங்கி வந்து சுவரில் மாட்டினான். கடை சாத்தியதும் அம்மாவை அதற்கு எதிரில் உட்கார வைப்பான். முதல் நாள் அவள் பூரித்துப்போனாள். எவ்வளவு கறுப்பாக இருக்கிறது தன் முடி என்று மருமகளிடம் சொல்லிச் சொல்லிச் சிரித்தாள்.

இரண்டாவது வாரம் அவன் வாடிக்கையாளர் ஒருவரை வீட்டுக்குள் கூட்டி வந்தான். இவங்கதான் அவங்க, கேட்டால் அழுது காட்டுவாங்க என்றான். அவள் விளையாட்டாக அழுது காட்டினாள். அப்புறம் அது வழக்கமாகிவிட்டது. டயர்க்காரர், லாரி டிரைவர், வரி கட்டச் சொல்லி வந்த ஆள் என்று எவர் வந்தாலும் அழ வேண்டும். சரியாக வரவில்லையென்றால் இன்னொரு தரம். போட்டிக்குக் கீழே ரசிகர்கள் எழுதியிருப்பதை அவன் உரக்கப் படிப்பான்: பெற்ற மனம் என்றால் இதுதான், இப்படி ஒரு தாய் யாருக்குக் கிடைப்பாள். சில இரவுகளில் சாப்பாட்டுத் தட்டைக் கையில் வைத்துக்கொண்டே, முதலில் அழு என்பான்.

"பாவங்க, விட்டுடுங்க," என்றாள் மருமகள்.

"ஊருக்கெல்லாம் அழுதவங்க. நமக்கு அழ மாட்டாங்களா?" என்றான் அவன்.

அவன் ஒரு குறிப்பிட்ட போட்டிக்காகக் காத்திருக்கிறான் என்பது அவளுக்கும் தெரியும். மழைக்காலத்தில் ஒரு வாரம் அது வந்தது. அன்று அவன் யாரையும் கூட்டி வரவில்லை. மூன்று பேர் மட்டும் உட்கார்ந்திருந்தார்கள். அறிவிப்பாளர் இன்னும் வீரர்களை அழைக்கவில்லை. கேமரா பார்வையாளர்களைச் சும்மா ஒரு வீச்சு பார்த்தது. முதல் வரிசையில் மேனேஜர் குனிந்து அவள் காதில் ஏதோ சொல்வது திரையில் தெரிந்தது. அவள் கேட்டுக்கொண்டாள். தலையை ஆட்டினாள். முதுகை நிமிர்த்திச் சரியாக உட்கார்ந்துகொண்டாள். அவ்வளவுதான். கேமரா அப்போது தன் பக்கம் திரும்பியது இத்தனை வருஷமாக அவளுக்குத் தெரியாது.

மகன் நிறுத்தினான். பின்னால் தள்ளி மறுபடியும் ஓட்டினான்.

"அந்த ஆளு உன் காதுல என்ன சொன்னான்?"

"ஞாபகம் இல்ல."

மறுபடியும் ஓட்டினான். மறுபடியும் மேனேஜர் குனிந்தார், மறுபடியும் அவள் தலையாட்டினாள். நாலாவது முறையோ ஐந்தாவது முறையோ அவள் வாயைத் திறந்தாள்.

"உன் கை ஒடைஞ்சிருச்சுன்னு சொன்னாரு."

அவன் கத்தவில்லை. "ஆஸ்பத்திரி எவ்வளவு தூரம்?"

"நடந்தே போயிருக்கலாம்."

அவன் போட்டியை ஓட விட்டான். கரடி நாற்காலியை உருவினான், அவள் விழுந்தாள், அழுதாள். அவள் அழுததிலேயே அதுதான் மிகச் சிறந்தது. திரைக்குள் கூட்டமே மூக்கை உறிஞ்சியது. மகன் நெருங்கி வந்து அவள் காலடியில் உட்கார்ந்தான். இத்தனை மாதமாக இல்லாத ஒரு குரலில் கேட்டான்:

"இது எனக்காகத்தானேம்மா? சேதி கேட்டதாலதானே இப்படி அழுதே?"

மருமகள் அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு தலையாட்டல் போதும். அவளுக்கும் அது தெரிந்தது. தட்டை ஏந்திக்கொண்டு அவன் நின்ற இரவுகளும் டயர்க்காரரின் சிரிப்பும் கூடவே நினைவுக்கு வந்தன.

"இல்லடா," என்றாள். "இடியோட கால்சட்டையில பின்பக்கம் தையல் விட்டிருந்துச்சு. நேரமில்லாம ஊக்கு குத்தி அனுப்பிச்சேன். குனியறப்ப கிழிஞ்சிடுமோன்னு அதையேதான் பாத்துட்டிருந்தேன். அழுகை தைலத்துல வந்துச்சு."

கொஞ்சம் பொறுத்து, "கிழியல," என்றும் சொன்னாள்.

அவன் எழுந்து டிவியை அணைத்தான். மறுநாள் அதைச் சுவரிலிருந்து கழற்றிக் கடையில் கொண்டுபோய் வைத்தான். அம்மாவின் கட்டிலைக் கடைக்குப் பின்னால் பழைய பேட்டரிகள் அடுக்கியிருந்த அறைக்கு மாற்றினான். மாடிப்படி ஏற வேண்டாம், முட்டிக்கு நல்லது என்று கேட்டவர்களிடம் சொன்னான். சாப்பாடு நேரத்துக்கு வந்தது, மாத்திரை வந்தது, போர்வை வந்தது. எல்லாம் மருமகள் கையால் வந்தன. அவன் அவளோடு பேசுவதை விட்டுவிட்டான். அழச் சொல்லவும் இல்லை. சில மதிய நேரங்களில் மருமகள் தன் போனைக் கொடுத்துவிட்டுப் போவாள். அவள் பழைய போட்டிகளைப் போட்டுப் பார்ப்பாள். வெட்கமில்லாமல் சொல்வதென்றால், அவளுக்கு அவை இன்னும் பிடித்துத்தான் இருந்தன. அந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்த நாட்களைப்போல் வேறு எந்த நாட்களும் அவளுக்கு வாய்க்கவில்லை.

அறைக்கும் கடைக்கும் நடுவில் வெறும் பலகைச் சுவர். ஒரு சாயங்காலம் கதவை இழுத்துச் சாத்திய பிறகு கடைக்குள் அந்த அறிவிப்பாளரின் குரல் கேட்டது. நின்றது. மறுபடி கேட்டது, அதே இடத்தில் நின்றது. அவள் கட்டிலில் அசையாமல் படுத்திருந்தாள். மகன் மனைவியைக் கூப்பிடுவது கேட்டது.

"இங்க பாரு. அந்த ஆளு சொன்ன உடனே முகம் கொஞ்சம் மாறுதில்ல? கண்ணுகிட்ட?"

"மாறுது," என்றாள் மருமகள். "நல்லாத் தெரியுது."

பலகைக்கு இந்தப் பக்கம் அவள் கண்ணைத் திறந்துகொண்டாள். முகம் மாறவில்லை. நேரம் வருவதற்கு முன்னால் முகம் மாறுவது அவள் தொழிலில் பெரிய தப்பு. மருமகள் நல்ல பெண்தான், ஆனால் அவசரப்பட்டுவிட்டாள். கொஞ்சம் உற்றுப் பார்த்துவிட்டுத்தான் சொல்லியிருக்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டு, போர்வையை இழுத்து மூடிக்கொண்டாள்.