சார், கொஞ்சம் இங்குட்டு வாங்க

கீழச்சிவல்பட்டி மாரீஸ்வரிக்கு இரண்டு தொழில். கல்யாணம், காதுகுத்து என்று வீடியோ எடுப்பது சோறு போட்டது. அரசாங்கம் மூடி மறைப்பதை ஆவணப்படமாக எடுப்பது வம்பை வாங்கித் தந்தது. அவளுக்குப் பிடித்தது என்னவோ இரண்டாவதுதான். சிலருக்கு அப்படி ஒரு தலையெழுத்து.

பூட்டியே கிடந்த சுகாதார நிலையத்தைப் பற்றி ஒரு படம் எடுத்துத் திட்டு வாங்கினாள். அடுத்தது ஓர் ஊருணி. ஊர்ப் பெயர் வேண்டாம், பாவம். தூர்வாரி முடித்தாயிற்று என்று கரையில் பலகை நட்டிருந்தார்கள். பலகைக்குப் பின்னால் ஆள் நுழைய முடியாத கருவேலங்காடு. தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டால், பணி நிறைவுற்றது என்று பதில் வந்தது. வெறும் காட்டைப் படம் பிடித்தால் அது வேறு ஊருணி என்று சாதித்துவிடுவார்கள். பொறுப்பில் இருக்கும் ஒருவர் கேமரா முன்னால் நின்று இதுதான் அது என்று சொல்ல வேண்டும். இல்லாவிட்டால் ஒரு வருட உழைப்பு பாழ்.

அவள் கரையில் நின்று எடுப்பது தெரிந்து, ஒன்றியப் பொறியாளர் செம்மலை ஜீப்பில் வந்து இறங்கினார்.

"யாரைக் கேட்டு எடுக்கிறீக? நீக எந்தப் பத்திரிகை? கார்டு இருக்கா?"

கார்டு ஏது? அவர் கேமராவைப் பிடுங்கக் கையை நீட்டினார். பயத்தில் மாரீஸ்வரியின் வாய் தன் பாட்டுக்குக் கல்யாண வீட்டுப் பேச்சைப் பேசியது.

"சார், கொஞ்சம் இங்குட்டு வாங்க. மூஞ்சில நிழல் விழுகுது."

தாலி கட்டும் நேரத்தில் ஐயர் சொல்வதைக் கேட்காதவர்கள்கூட வீடியோக்காரர் சொன்னால் கேட்பார்கள். செம்மலையும் நகர்ந்தார். இன்னும் கொஞ்சம் என்றாள், நகர்ந்தார். நீட்டிய கை சட்டையை இழுத்துவிட்டு, தலைமுடியைக் கோதியது. பலகை அவர் தோளுக்குப் பக்கத்தில் வந்து பொருந்தியது.

"லேசாச் சிரிங்க சார். தூர்வாரின ஊருணி எங்குட்டு இருக்கு?"

"அந்தா, அங்குட்டு," என்று, பட்டப்பகலில் அருந்ததி காட்டும் மாப்பிள்ளை போலச் சிரித்துக்கொண்டே கையைத் தூக்கினார். அங்குட்டிருந்து ஓர் ஆடு முள்ளை விலக்கிக்கொண்டு எட்டிப் பார்த்தது. அவருக்கு உறைப்பதற்குள் மாரீஸ்வரி ஸ்கூட்டரில் ஏறிவிட்டாள்.

காரைக்குடியில் ஒரு கல்யாண மண்டபத்தில் படத்தைத் திரையிட்டபோது ஆட்டுக்குத்தான் அதிகக் கைதட்டல். பிறகு நடந்தது சிரிக்கும்படி இல்லை. காவல் நிலையத்துக்குக் கூப்பிட்டு உட்கார வைத்தார்கள். அவளைக் கூப்பிடாதீர்கள் என்று கல்யாண வீடுகளுக்குச் சொல்லியனுப்பினார்கள். அழுதாள், ஆனால் படத்தில் ஒரு காட்சியையும் வெட்டவில்லை. ஊர்க்காரர்களும் ஒன்றியத்தைச் சும்மா விடவில்லை. மழைக்கு முன்னால் ஒன்றியத்திலிருந்து ஆள் வந்து ஊருணியை நிஜமாகவே தூர்வாரினார்கள்.

ஐப்பசியில் போன் வந்தது. செம்மலையின் குரல். வழக்குதான் போட்டுவிட்டார் என்று நினைத்தாள்.

"இப்பத்தான் தண்ணி நிக்குதுல்ல. என்மேல விசாரணை வச்சிருக்காக. ஒருக்கா வந்து எடுங்களேன். அதே இடத்துல நின்னு காட்டுறேன்."

மாரீஸ்வரி போனைக் காது மாற்றி வைத்துக்கொண்டாள்.

"எங்கிட்ட கார்டு இல்லையே, சார்."

மறுநாள் அவளே போய், தண்ணீரை மட்டும் எடுத்து வந்தாள்.