இட்லித் தட்டில் ஒரு ஸ்ட்ராபெரி டார்ட்

மசக்கைக்காரி ஆசைப்பட்டதைக் கொடுக்காவிட்டால் பிறக்கும் குழந்தைக்குக் காதில் சீழ் வடியும். எங்கள் தர்மபுரிப் பக்கத்தில் இதற்கு மறுப்பு கிடையாது, மேல்முறையீடும் கிடையாது. வருவாய்த்துறையில் வேலை பார்த்த எனக்கு, மேல்முறையீடு இல்லாத உத்தரவைக் கண்டால் தனி மரியாதை உண்டு. ஆகையால் எண்பதுகளின் நடுவில் ஒரு மாசி மாதம், என் மனைவி ஸ்ட்ராபெரி டார்ட் வேண்டும் என்று சொன்னபோது நான் வாதாடவில்லை.

அவள் அதைச் சொன்ன நிலைமையையும் சொல்லிவிட வேண்டும். மூன்றாம் மாதம் நடந்துகொண்டிருந்தது. களி கிளறும் வாசனைக்கு வாந்தி, தாளிக்கும் வாசனைக்கு வாந்தி, என் சட்டையில் ஒட்டிக்கொண்டு வந்த ஆபீஸ் கோந்து வாசனைக்கும் வாந்தி. கஞ்சி நிற்கவில்லை, இளநீர் நிற்கவில்லை. முந்தின வருஷம் ஒரு கரு இதே மூன்றாம் மாதத்தில் கலைந்துபோயிருந்தது. அதைப் பற்றி வீட்டில் யாரும் பேசுவதில்லை. எல்லோரும் அதையே நினைத்துக்கொண்டிருந்தோம். டாக்டரம்மா அவள் கண்ணிமையை இழுத்துப் பார்த்துவிட்டு, "ஏதாவது ஒன்னு வயித்துல நிக்கணும் சார். இந்த ஞாயித்துக்கிழமைக்குள்ள நிக்கலைன்னா திங்கட்கிழமை கூட்டிட்டு வந்து சேர்த்துடுங்க" என்றார். போன தடவையும் இப்படித்தான் சேர்த்தோம். வெறும் வயிற்றோடு திரும்பி வந்தாள். 'சேர்த்துடுங்க' என்ற சொல்லைக் கேட்டதும் அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். வீடு வரும்வரை விடவில்லை.

தன் மகளைப் பார்த்துக்கொள்ள என் மாமியார் பொம்மிடியிலிருந்து வந்து இறங்கியிருந்தார். வந்ததும் முதல் வேலையாக விசாரணை நடத்தினார்.

"உனுக்கு என்னதான் வேணும்? வாயத் தொறந்து சொல்லு."

"ஒன்னும் வேணாம்மா."

"புளிப்பா? காரமா? மண்ணு திங்கணும்னாலும் சொல்லு, கொண்டாறேன்."

அவள் கண்ணை மூடிக்கொண்டே, "பெங்களூர்ல தின்னமே, அது" என்றாள். "செவப்பா பழம் வெச்சு, தட்டு மாதிரி. ஸ்ட்ராபெரி டார்ட்டு."

கல்யாணமான புதிதில் ஒரே ஒருமுறை பெங்களூர் போயிருந்தோம். அங்கே ஒரு பேக்கரியில் ஆளுக்கொன்று சாப்பிட்டோம். அதற்குப் பிறகு அவள் அதைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னதில்லை.

மாமியார் என்னைப் பார்த்தார். "அது என்னாங்க மாப்ள, மாத்திரையா?"

"பலகாரங்க அத்தை."

"பலகாரந்தான? வாங்கியாங்க. இல்லீன்னா புள்ளைக்குக் காதுல சீழு வடியும், சொல்லிட்டேன்."

வாங்கிவருவது என்பது நடைமுறையில் சாத்தியமில்லை. அது பொறபொறவென்று இருக்கவேண்டிய மாவுக் கிண்ணம். உள்ளே கஸ்டர்ட், மேலே நறுக்கிய பழம். பெங்களூரிலிருந்து நாலு மணி நேரம் பஸ்ஸில் குலுங்கி வந்தால் கூழாகத்தான் வந்து சேரும். பழத்தைத் தனியாக வரவழைத்து, மற்றதை வீட்டில் செய்வதுதான் வழி. செய்முறை எனக்குத் தெரியும். படிக்கிற காலத்தில் பெங்களூரில் ஒரு பேக்கரியின் பின்புற அறையில் குடியிருந்தேன். என் ஜன்னல் அவர்கள் மாவு பிசையும் மேடையைப் பார்த்துத் திறக்கும். இரண்டு வருஷம் பார்த்திருக்கிறேன். பார்ப்பதற்கும் செய்வதற்கும் உள்ள தூரத்தை ஆபீஸில் மற்றவர்களுக்கு விளக்கியவன்தான் நான். இருந்தும் எனக்கு அது உறைக்கவில்லை.

ஓசூரில் வேலை பார்த்த கூட்டாளிக்கு ஆபீஸ் போனிலிருந்து பேசினேன். அவன் வாரம் தவறாமல் பெங்களூர் போய்வருகிறவன்.

"என்ன பழம்? நம்மூர்ல மாம்பழம் கெடக்குது, அத வுட்டுட்டு..."

"மாசியில மாம்பழம் ஏதுடா? மசக்கைடா."

"அப்ப சரி. எனக்கே பயமாயிருக்குது. ஞாயித்துக்கிழமை மத்தியான பஸ்ஸுல கண்டக்டர்கிட்ட குடுத்தனுப்பறேன். பழம் நசுங்கிப் போனா என்னயக் கேக்காத."

ஞாயிற்றுக்கிழமை காலையில் மாவு வேலையைத் தொடங்கினேன். மைதா, ஒரு சிட்டிகை உப்பு, கொஞ்சம் பொடித்த சர்க்கரை. வெண்ணெய் குளிர்ந்திருக்க வேண்டும். எங்களிடம் ஃபிரிட்ஜ் கிடையாது. தயிர்க்காரம்மா கொடுத்த வெண்ணெய் உருண்டையைப் பலமுறை கழுவி, மண்பானைத் தண்ணீரில் மிதக்கவிட்டு வைத்திருந்தேன். அதை மாவில் போட்டு விரல் நுனியால் உதிர்க்க வேண்டும். உள்ளங்கை பட்டால் வெண்ணெய் உருகிவிடும், பட்ட மாவு சப்பாத்தியாகிவிடும். புட்டு மாவு பதத்துக்கு வந்ததும் குளிர்ந்த தண்ணீரை இரண்டு கரண்டி தெளித்துச் சேர்த்து, ஈரத்துணியில் மூடி ஆறவிட வேண்டும்.

அடுத்தது அச்சு. அச்சுக்கு எங்கே போவது? இட்லித் தட்டின் குழிகளைப் பார்த்ததும் எனக்கே என் புத்தியை மெச்சத் தோன்றியது. அளவு சரி, ஆழம் சரி. மாவைத் திரட்டிக் குழிகளில் பதித்தேன். அடுப்பில் மணல் போட்ட இரும்புச் சட்டி, அதற்குள் இட்லித் தட்டு, மேலே மூடி, மூடியின்மேல் கரி. மேல் நெருப்பு, கீழ் நெருப்பு இரண்டும் உள்ள இந்த ஏற்பாடு, ரம்ஜானுக்கு பிஸ்கட் சுடும் பக்கத்து வீட்டு பாய் அம்மாவிடமிருந்து இரவல் வாங்கியது. அவரும் இடுப்பில் கைவைத்தபடி வந்து நின்றார். அவருடைய வீட்டுக்காரர் தகரக்கடை வைத்திருந்தார்.

இட்லித் தட்டின் ஒவ்வொரு குழியிலும் ஆவி ஏறுவதற்குச் சின்னச் சின்ன ஓட்டைகள் இருக்கும். பிறந்ததிலிருந்து பார்க்கிற ஓட்டைகள். வெண்ணெய் உருகி அந்த ஓட்டைகள் வழியாக மணலில் சொட்டத் தொடங்கியபோதுதான் அவை எனக்கு நினைவுக்கு வந்தன. கருகிய வெண்ணெய்ப் புகை அடுப்படியைத் தாண்டிப் படுக்கையறைக்குப் போயிற்று. உள்ளேயிருந்து குமட்டும் சத்தம் கேட்டது. மாமியார் செம்பை எடுத்துக்கொண்டு ஓடினார்.

திரும்பி வந்தவர், "ஊருக்கெல்லாம் இட்லி ஊத்துனவ நானே பக்கத்துல நின்னுகிட்டிருந்தேன், எனக்கே தோணலியே" என்றார்.

"எனக்கும் தோணல அம்மா" என்றார் பாய் அம்மா. "நான் கரி பத்தலையோன்னு பார்த்துட்டிருந்தேன்."

ஆகக்கூடி மூன்று பேர் சேர்ந்து ஓர் இட்லித் தட்டை அடையாளம் காணத் தவறினோம்.

பாய் அம்மா தன் வீட்டுக்காரரின் கடையிலிருந்து தகர மூடிகள் கொண்டுவந்தார். முதலில் கொண்டுவந்தவை பற்றவைத்தவை. சூட்டில் ஈயம் உருகிவிடும் என்று திருப்பி அனுப்பினேன். பிறகு ஒரே தகட்டில் அழுத்திய மூடிகள் வந்தன. அவற்றைத் தேய்த்து, வெண்ணெய் தடவி, மிச்சமிருந்த மாவைத் தேய்த்துப் பதித்தேன். அடியில் முள்கரண்டியால் குத்த வேண்டும், இல்லாவிட்டால் உப்பும். முள்கரண்டி இல்லாத வீடு. ஊக்கைக் கொதிநீரில் போட்டெடுத்துக் குத்தினேன். குத்தினாலும் உப்பத்தான் பார்க்கும். அதனால் மேலே ஒரு காகிதம் பரப்பி, காய்ந்த மொச்சையைப் பாரமாகக் கொட்டினேன்.

மாமியாரால் தாங்க முடியவில்லை. "மொச்சை வறுக்கவா மாப்ள இத்தன கூத்து? சட்டியில போட்டா நான் வறுத்துத் தரமாட்டனா?"

"மொச்சை திங்கறதுக்கில்லீங்க அத்தை. பாரம்."

"நல்ல மொச்சைங்க அது. என் அண்ணன் நெலத்துது."

பாய் அம்மா ஏலக்காய் போட்டால்தான் வாசனை என்றார். வாசனைதான் வேண்டாம் என்றேன். கரி இன்னும் வேண்டும் என்றார். அதைக் கேட்டேன், இரண்டு மாவுத் தட்டுகள் ஓரத்தில் கறுத்தன. ஒன்று எடுக்கும்போதே உடைந்தது. மற்றவை தேறின. பால் காய்ச்சும் வாசனை ஆகாது என்பதால் கஸ்டர்டை பாய் அம்மா வீட்டில் காய்ச்சி, அங்கேயே தண்ணீர்த் தொட்டியில் ஆறவைத்தேன்.

மத்தியானம் பஸ் ஸ்டாண்டில் கண்டக்டர் பனையோலைக் கூடையை நீட்டினார். "இந்தாங்க சார் உங்க பழம். வழியெல்லாம் இதேதான் கேள்வி. ஒருத்தர் தக்காளிக் குஞ்சான்னு கேட்டார்."

அடியிலிருந்த பழங்கள் கசிந்து கூடையைச் சிவப்பாக்கியிருந்தன. மேலே இருந்தவற்றில் கையளவு தேறியது. கழுவி, காம்பு கிள்ளி, நீளவாக்கில் நறுக்கினேன். தட்டில் ஒரு கரண்டி கஸ்டர்ட், அதன்மேல் பழத்துண்டுகள் ஒன்றன்மேல் ஒன்று சாய்த்து. ஜாமை வெந்நீரில் இளக்கி மேலே தடவினேன். அன்று பெங்களூர் ஜன்னல் வழியே பார்த்தபோது பளபளத்தது போலவே பளபளத்தது. எனக்கு முதுகு ஒடிந்துவிடும்போல் இருந்தது.

எடுத்துக்கொண்டு உள்ளே போனேன். பின்னால் மாமியார், வாசற்படியில் பாய் அம்மா. மனைவி எழுந்து உட்கார்ந்தாள். தட்டைக் கையில் வாங்கிப் பார்த்தாள். முகத்தில் ஒரு சிரிப்பு வந்தது. வாயருகே கொண்டுபோனாள். மூக்கில் பால் வாசனை ஏறியிருக்க வேண்டும். அப்படியே என்னிடம் நீட்டிவிட்டுத் திரும்பிக்கொண்டாள்.

"முடியலீங்க."

"ஒரு வாய். பழத்த மட்டும்."

பழத்துண்டு ஒன்றை நாக்கில் வைத்தாள். அது செம்பில் விழுந்தது.

மறுநாள் திங்கட்கிழமை. மாமியார் கட்டிலடியிலிருந்த பையை வெளியே இழுத்து, மாற்றுப்புடவையை மடித்து வைக்க ஆரம்பித்தார். நான் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தேன். காலையிலிருந்து நின்ற கால், அதற்குமேல் நிற்க மறுத்தது. கோபம்கூட வரவில்லை, அதற்கும் கொஞ்சம் தெம்பு வேண்டும். ஆஸ்பத்திரிக்கு யார் துணைக்கு இருப்பது, லீவு எப்படிச் சொல்வது என்று மனம் தானாக வரிசைப்படுத்திக்கொண்டிருந்தது.

"அது என்னாங்க?" என்றாள் மனைவி.

என் மடியில் உடைந்த மாவுத் தட்டு இருந்தது. பசிக்கு நான் தின்னலாம் என்று எடுத்துவந்திருந்தேன். வெறும் தட்டு, ஓரம் கறுத்தது.

"ஒடஞ்சது. உனக்கில்ல."

"குடுங்க."

ஒரு துண்டைக் கடித்தாள். மென்றாள். நாங்கள் மூன்று பேரும் அவள் தொண்டையைப் பார்த்துக்கொண்டிருந்தோம். விழுங்கினாள். அடுத்த துண்டையும் எடுத்தாள். "உப்பு இருக்குது" என்றாள், ஏதோ பாராட்டுபோல. "ஊறுகாய் இருக்குதாம்மா?"

மாமியார் புடவையைப் போட்டது போட்டபடி ஓடி, எலுமிச்சை ஊறுகாய் கொண்டுவந்தார். உடைந்த தட்டு முழுக்க உள்ளே போயிற்று. செம்பு காலியாகவே இருந்தது. பொழுது சாய்ந்த பிறகு இன்னொன்று கேட்டாள். பழத்தையும் கஸ்டர்டையும் வழித்தெடுத்தாலும் தட்டில் பால் வாசனை இருக்கும் என்று, கறுத்த இன்னொன்றைக் கொடுத்தேன். அதுவும் நின்றது.

ஸ்ட்ராபெரியை மற்றவர்கள் தின்றார்கள். பாய் அம்மா, "புளிக்குதே சார், சர்க்கர தூவியிருக்கலாம்" என்றார். மாமியார் ஒரு துண்டை மென்று, "இதுக்கா பெங்களூரு? நம்ம காட்டு எலந்தப்பழம் தேவலை" என்றார்.

"இதான் வேணும்னு சொல்லியிருக்கலாமே" என்றேன் மனைவியிடம்.

"எனக்கே தெரியலீங்களே" என்றாள். "தின்னதுக்கப்புறந்தான் தெரிஞ்சுது."

திங்கட்கிழமை டாக்டரம்மாவிடம் போனோம். விவரத்தைக் கேட்டுவிட்டு, "காஞ்ச பிஸ்கட்டு மாதிரி எது வேணும்னாலும் குடுங்க, நிக்கிறதக் குடுங்க" என்றார். சேர்க்கவில்லை. கடை பிஸ்கட் வாங்கிக் கொடுத்துப் பார்த்தேன், வாந்தி. வேறு வழியில்லை. ஆபீஸ் விட்டு வந்ததும் சட்டையைக் கழற்றிப்போட்டு வெண்ணெய் உதிர்ப்பேன். மாமியார் மணல் சலிப்பார், மொச்சையை எண்ணெய்ச்சட்டிக்குப் போகாமல் காவல் காப்பார். பழம் இல்லை, கஸ்டர்ட் இல்லை, வெறும் தட்டு. மூன்றாம் மாதம் தாண்டியது, நாலாவது தாண்டியது. ஐந்தில் களி தின்ன ஆரம்பித்தாள். அதற்குள் என் விரல் நுனிகளில் நிரந்தரமாக மோர் வாசனை அடித்தது. ஆபீஸில் என் பக்கத்து நாற்காலிக்காரர் தன் நாற்காலியைச் சற்றுத் தள்ளிப் போட்டுக்கொண்டார்.

எங்கள் மகள் நிறைமாதத்தில், நல்ல எடையோடு பிறந்தாள். பல் முளைக்கும் சமயத்தில் ஒரு சளிக்காய்ச்சல் வந்தது. அதற்குப் பின் இடது காதில் சீழ் வடிந்தது.

டாக்டரம்மா சொட்டு மருந்து எழுதிக்கொடுத்தார். சளியால் வருவது, பயமில்லை என்றார். மாமியார் அடுத்த பஸ்ஸில் வந்து இறங்கினார். குழந்தையைத் திருப்பி, காதைப் பார்த்து, என்னைப் பார்த்தார்.

"நான் அன்னிக்கே சொன்னனா இல்லியா? வாய்ல வெச்ச பழத்தத் துப்பிட்டா. அது கணக்குல சேருமா?"

"சேராதுங்க அத்தை" என்றேன். சட்டப்படி அவர் சொன்னதும் சரிதான்.

மனைவி பஞ்சைத் திரித்துக் குழந்தையின் காதைத் துடைத்துக்கொண்டிருந்தாள். தலையை நிமிர்த்தாமலே, "ராத்திரியெல்லாம் தூங்கல, ஒன்னும் வாய்க்குப் புடிக்கல. அந்தத் தட்டு ரெண்டு சுட்டுக் குடுங்களேன்" என்றாள்.

நான் மணலைச் சலிக்கப் போனேன்.