வீட்டுக்காரம்மாவின் முகம்

எங்கள் ஊரில் வெளிநாட்டிலிருந்து வருகிறவர்கள் எல்லாருமே வெள்ளைக்காரர்கள்தான். அதனால், செங்கம் ரோட்டில் அம்மா வேலை செய்த வீட்டு மாடிக்கு அமெரிக்காவிலிருந்து ஒரு கறுப்பினப் பெண் குடிவந்தபோது, தெருவே அவரைக் கறுப்பு வெள்ளைக்காரி என்று அழைத்தது. வீட்டுக்காரம்மாவுக்கு முதலில் தயக்கம். வெள்ளைக்காரி என்று சொல்லிவிட்டு நம்மைவிடக் கறுப்பாக ஒருத்தியைக் கூட்டி வந்திருக்கிறார்களே என்று இரண்டு நாள் யோசித்துத்தான் சாவியைக் கொடுத்தார்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. நான் நாலாவது படித்துக்கொண்டிருந்தேன். பள்ளிக்கூடம் விட்டதும் நேரே அந்த வீட்டுப் பின்பக்கம் போய், அம்மா வேலை முடிக்கும்வரை துவைக்கிற கல்லில் உட்கார்ந்திருப்பேன். பின்வாசலைத் தாண்டி உள்ளே போகிற வழக்கம் எங்களுக்கு இல்லை. எங்கள் கையால் வீட்டுக்காரம்மா தண்ணீர்கூட வாங்கிக் குடித்ததில்லை. மாடிக்கு மட்டும் வெளிப்பக்கமாகப் படிக்கட்டு இருந்தது.

ஒருநாள் அம்மாவைக் காணாமல் மாடியேறினேன். அறையில் பலகைமேல் வரிசையாக முகங்கள். உடம்பில்லாத, வெள்ளை வெளேரென்ற முகங்கள். எல்லாம் கண்ணை மூடியிருந்தன. கீழே பாயில் ஒரு பொம்பளை மல்லாந்து கிடந்தாள். முகம் முழுக்கக் கெட்டியாக மாவு. மூக்கில் செருகிய இரண்டு குழல்கள் வழியாக மூச்சு மெல்ல விசிலடித்தது. புடவையை வைத்துத்தான் அது அம்மா என்று தெரிந்துகொண்டேன். காலடிச் சத்தம் கேட்டோ என்னவோ அம்மா கையை நீட்டித் தடவி என் விரலைப் பிடித்துக்கொண்டாள். மாவு உலர்ந்து கழற்றும்வரை அந்தப் பிடியை விடவில்லை.

மாடிக்குக் குடிவந்த அந்த அமெரிக்கப் பெண் ஒரு சிற்பி. எலும்பு முறிந்தால் ஆஸ்பத்திரியில் கட்டுப் போடும் மாவுதான் அது என்று வீட்டுக்காரம்மாவின் மகன் எனக்கு விளக்கினார். அவர் கல்லூரியில் படித்தவர். அந்த அம்மாள் பேசுவதைத் தமிழில் சொல்கிறவரும் அவர்தான். அவளுடைய அப்பா ஒரு பெரிய மியூசியத்தில் முப்பது வருஷம் காவல்காரராக இருந்தாராம். அங்கே மாட்டியிருந்த ஆயிரக்கணக்கான முகங்களில் அவரைப் போல ஒரு முகம்கூடக் கிடையாதாம். அதனால்தான் ஊர் ஊராகப் போய் வேலை செய்கிறவர்கள், வேலை வாங்குகிறவர்கள் எல்லாருடைய முகத்தையும் மாவில் அச்செடுத்து, பெயர் போடாமல் ஒரே வரிசையில் அதே மியூசியத்தில் மாட்டப்போகிறாளாம்.

இதைக் கேட்டதும் வீட்டுக்காரம்மாவும் மூக்குத்தியைக் கழற்றி வைத்துவிட்டுப் பாயில் படுத்தார். தன் முகம் மேல்வரிசையில் வருமா என்று மட்டும் மகனை விட்டுக் கேட்கச் சொன்னார். மேல், கீழ் எல்லாம் கிடையாது, ஒரே வரிசைதான் என்று பதில் வந்தது.

ஒவ்வொருவருக்கும் அந்தச் சிற்பி இரண்டு முகம் செய்தாள். ஒன்று அமெரிக்காவுக்கு, இன்னொன்று முகத்துக்கு உரியவருக்கு. ஊருக்குக் கிளம்புமுன் எல்லாவற்றையும் மொட்டைமாடியில் பரப்பி, அவரவர் முகத்தை அவரவரே எடுத்துக்கொள்ளச் சொன்னாள். வீட்டுக்காரம்மா குனிந்து பார்த்துக்கொண்டே வந்து ஒன்றை எடுத்தார்.

"எங்கம்மா மாதிரியே இருக்கேன் பாருடா," என்றார் மகனிடம்.

அது என் அம்மாவின் முகம். இடது புருவத்தில் பழைய வெட்டுத் தழும்பு தெளிவாகத் தெரிந்தது. ஏழு வருஷமாக அந்த வீட்டுக்குத் தினமும் வந்துபோகிற தழும்பு. நான் வாயைத் திறப்பதற்குள் அம்மா என் தோளை அழுத்தினாள். அந்த அமெரிக்க அம்மாள் என் அம்மாவையே பார்த்தாள். அம்மா வேண்டாம் என்று லேசாகத் தலையை ஆட்டிவிட்டு, கடைசியில் மீந்திருந்த முகத்தை எடுத்து முந்தானையில் சுற்றிக்கொண்டாள்.

அப்படித்தான் வீட்டுக்காரம்மா எங்கள் ஓட்டு வீட்டுச் சுவரில் வந்து குடியேறினார். நான் அந்தப் பக்கம் திரும்பாமலேயே வீட்டுப்பாடம் எழுதினேன். அம்மாவோ தினமும் ஈரத்துணியால் அதைத் துடைப்பாள். சில நாள் அதனோடு பேசுவாள். இன்றைக்கு ஏன் அத்தனை பாத்திரம் போட்டீர்கள், உடம்பு சரியில்லை என்று சொன்னேன் அல்லவா என்று சாதாரணக் குரலில் கேட்பாள். பதிலுக்குக் கொஞ்சம் காத்திருப்பாள். அந்த இடைவெளிதான் எனக்குப் பயம்.

அடுத்த வருஷம் வீட்டுக்காரம்மா மாரடைப்பில் இறந்துபோனார். பதினாறாம் நாள் காரியத்துக்குப் பாத்திரம் கழுவ அம்மா என்னையும் அழைத்துப் போயிருந்தாள். வேலை முடிந்ததும் மகன் பின்வாசலுக்கு வந்தார். அழுது அழுது முகம் வீங்கியிருந்தது.

"உள்ள வாங்க. அம்மாவைப் பாத்துட்டுப் போங்க."

முதல்முறையாக அந்த வாசலைத் தாண்டினோம். கூடத்தில் குத்துவிளக்கு. அதற்குப் பின்னால், மஞ்சளும் குங்குமமும் வைத்து, சம்பங்கி மாலை போட்டு, என் அம்மாவின் முகம். வந்திருந்த உறவுக்காரர்கள் ஒவ்வொருவராக அதன் முன்னால் விழுந்து கும்பிட்டார்கள். ஒரு கிழவர் எங்களைத் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டுத் தானும் விழுந்து எழுந்தார். அம்மா கைகூப்பியபடி தன் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். மாலைக்குள் இருந்த முகமும் பக்கத்தில் நின்ற முகமும் அசையவே இல்லை. செத்துப்போனது அம்மாதானோ என்று எனக்குத் தோன்றியது. அவள் கையைத் தொட்டுப் பார்த்தேன். சாம்பல் ஒட்டிய ஈரக் கை, சூடாகத்தான் இருந்தது.

வழியெல்லாம் நான் சொல்லிக்கொண்டே வந்தேன், அவர்களிடம் உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்று. அம்மா நடையை எட்டிப் போட்டாள். வீட்டுக்கு வந்து குளித்தாள். சுவரில் இருந்த முகத்தை எடுத்துக் கழுவி, நெற்றியில் குங்குமம் வைத்து, பலகையில் சாய்த்தாள். சோறு வடித்து, ஒரு வாழையிலையில் கொஞ்சம் போட்டு, ரசம் ஊற்றி, எங்கள் சொம்பில் தண்ணீர் மொண்டு அதன் முன்னால் வைத்தாள்.

"அவங்கதான் நம்ம தண்ணிய குடிக்க மாட்டாங்களேம்மா," என்றேன்.

"இப்ப குடிப்பாங்க," என்றாள் அம்மா.

அதைக் கோபத்தில் சொன்னாளா, பிரியத்தில் சொன்னாளா என்று எனக்குத் தெரியவில்லை. மூடிய அந்தக் கண்களைப் பார்த்தபடி அவள் வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள். எனக்குப் பசித்தது. எப்போது சாப்பிடலாம் என்று கேட்கவும் பயமாக இருந்தது.