பூஞ்சை இழை

அக்காவைப் பெண் பார்க்க வந்த அன்று மாப்பிள்ளையின் அம்மா இருந்தார், அந்த அம்மாவின் தம்பி, அதாவது மாப்பிள்ளையின் மாமா, இருந்தார், எங்கள் தரப்பில் அப்பா, அம்மா, அக்கா, நான். இல்லாதவர் மாப்பிள்ளைதான். அவருக்கு பஸ் டிப்போவில் டூட்டி.

"அவன் போட்டோவுலயே பாத்துட்டான், புடிச்சிப்போச்சு" என்றார் மாப்பிள்ளையின் அம்மா. எங்கள் அம்மாவுக்கு அப்போதுதான் மூச்சு வந்தது. ஏற்கெனவே இரண்டு இடம் தட்டிப்போயிருந்தது. இந்தப் பூந்தமல்லி இடத்தை அக்காவுக்கும் பிடித்திருந்தது. மாப்பிள்ளையின் போட்டோவைத் திருப்பித் தராமல் பீரோவில் வைத்திருந்தாள்.

கேசரி தீர்ந்து பேச்சும் தீர்ந்தபோது மாமாக்காரர் என் பக்கம் திரும்பினார்.

"தம்பி இன்னா படிக்குது?"

தாவரவியல், இரண்டாம் ஆண்டு. எங்கள் வீட்டில் படிப்பு என்று வெளியே போன முதல் ஆள் நான். அதனால் யாராவது கேட்டால் முழுசாகச் சொல்லிவிடுவேன். சுருக்கமாகச் சொல்வது அப்பா கட்டிய பீஸுக்கு மரியாதையில்லை என்று நினைத்தேன்.

அப்போது என்னிடம் சொந்தமாக ஒரு கோட்பாடும் இருந்தது. மரங்களின் வேர்களோடு பூஞ்சை இழைகள் பின்னிக் கிடக்கும் என்பது பாடத்தில் இருந்தது. மீதியை நான் சேர்த்துக்கொண்டேன். மனிதர்களுக்குள் கதை ஓடுவதும் அந்த இழைகளால்தான். ஈர மண்ணில் வெறுங்காலோடு நிற்பவர்களுக்கு அது பாதம் வழியாக ஏறுகிறது. குழாயடியில் செருப்பில்லாமல் நிற்கும் பெண்கள் கதை சொன்னால் குடம் வழிவதுகூடத் தெரியாது. பூட்ஸ் போட்ட ஃபேக்டரி ஃபோர்மேன் கதை சொன்னால் கேட்பவர்களுக்குக் கொட்டாவி. சோதித்துப் பார்க்க நானே பருத்திப்பட்டு ஏரிக்கரையில் ஒரு வாரம் வெறுங்காலோடு நடந்தேன். கதை வரவில்லை, சேற்றுப்புண் வந்தது. அதுவும் பூஞ்சைதான் என்பதால் பாதி வெற்றி என்று நோட்டில் எழுதிவைத்தேன்.

இதையெல்லாம் அவர்களிடம் சொன்னேன். அக்காவுக்குப் பெருமை சேர்க்க ஓர் உதாரணமும் கொடுத்தேன்.

"எங்க அக்கா கதை சொல்லி நீங்க கேக்கணும். வெளியில பாத்தா தெரியாது. உள்ள முழுக்கப் பூஞ்சை இழை."

மாப்பிள்ளையின் அம்மா அக்காவை மேலும் கீழும் பார்த்தார். "நல்லாத்தானே கீது பொண்ணு?"

"பாக்க அப்படித்தான் இருக்கும்" என்றேன்.

பத்து நாள் பதில் இல்லை. பதினோராம் நாள் தரகர் வந்து, சைக்கிளுக்கு ஸ்டாண்டுகூடப் போடாமல் அப்பாவைப் பிடித்துக்கொண்டார்.

"இன்னா நைனா, எங்கிட்டயே மறைச்சிட்டியே! பொண்ணுக்குப் பூஞ்ச ஒடம்பாமே? இளைப்பு வேறயாமே? மாங்காட்டுல கேட்டா படுத்த படுக்கைன்றாங்கோ. அயனம்பாக்கத்துல ரத்த வாந்தின்றாங்கோ!"

எங்களுக்குப் புரிய ஒரு நிமிடம் ஆனது. ஊர்ப்பேச்சில் பூஞ்சை என்றால் நோஞ்சான். என்னுடைய இழை அவர்கள் காதில் இளைப்பு நோயாகி, டி.பி.யாகிவிட்டது. அம்மா அழுதாள். எனக்கும் பயம்தான். ஆனாலும், ஓர் இடத்தில் போட்ட கதை கண்ணுக்குத் தெரியாமல் ஓடி இரண்டு ஊரில் முளைத்திருக்கிறதே என்று தோன்றியது. அதை வாய்விட்டுச் சொன்னது தப்பு.

"டேய் விஞ்ஞானி" என்றாள் அக்கா. "இந்த எடம் போச்சுன்னா உன்னை மண்ணுக்குள்ள பொதைச்சிடுவேன். அங்கயே உக்காந்து ஆராய்ச்சி பண்ணு."

வாயால் சொன்னால் எவனும் நம்பமாட்டான், டாக்டர் எழுதிக் கொடுத்தால் பேசிப் பார்க்கிறேன் என்றார் தரகர். அப்பா, அக்கா, நான் மூவரும் கிளம்பினோம்.

"இருமல் இருக்கா?" டாக்டர் கேட்டார்.

"இல்ல."

"காய்ச்சல்?"

"இல்ல."

"பின்ன எதுக்கும்மா எக்ஸ்ரே?"

அக்கா என்னைக் காட்டினாள். "இவன் படிக்கிறான் டாக்டர்."

எக்ஸ்ரே படத்தையும் டாக்டர் எழுதிக் கொடுத்த கடிதத்தையும் எடுத்துக்கொண்டு அப்பாவும் நானும் பூந்தமல்லிக்குப் போனோம். மாப்பிள்ளையின் அம்மா படத்தை ஜன்னல் வெளிச்சத்தில் தலைகீழாகப் பிடித்தார். டூட்டி முடிந்து வந்த மாப்பிள்ளை வாங்கி நிமிர்த்திப் பிடித்து, வெகுநேரம் பார்த்தார்.

"உள்ளயும் நல்லாத்தாம்மா கீது" என்றார்.

அந்த வாரமே தட்டு மாற்றினார்கள். எக்ஸ்ரே, டாக்டர், பஸ், மாங்காடுவரை போய் மறுத்துச் சொன்ன தரகருக்கு ஒரு வேட்டி என்று எல்லாவற்றையும் கூட்டி, அப்பா அதை என் படிப்புச் செலவில் சேர்த்தார்: நூற்று எழுபத்திரண்டு ரூபாய்.