புள்ள இருக்கான்

மலாக்காவுக்குப் போகிற ரோட்டில் லாரி மோதி அப்பா செத்துப்போனார். லாரி முதலாளி எங்களுக்கு எவ்வளவு நஷ்டஈடு கொடுக்க வேண்டும் என்று முடிவு செய்ய, சில மாதம் கழித்துக் கோர்ட்டுக்குக் கூப்பிட்டார்கள்.

எங்கள் லாயர் அம்மாவிடம் படித்துப் படித்துச் சொல்லியிருந்தார். "இனி யாரு காப்பாத்துவான்னு கேட்டா, எங்களுக்கு யாருமில்லைன்னு சொல்லும்மா. அத வச்சுத்தான் பணம்." அம்மா தலையாட்டினாள்.

கூண்டில் ஏறியதும் அதையேதான் கேட்டார்கள். அம்மா கீழே நின்ற அண்ணனைப் பார்த்தாள். அவனுக்குப் பத்து வயது. ஆம்பளப் பிள்ளையை எதிரில் வைத்துக்கொண்டு யாருமில்லை என்று சொன்னால் அவன் ஆயுசுக்கு ஆகாது என்று எங்கள் ரப்பர் தோட்டத்து லயத்தில் எல்லாரும் நம்பினார்கள். புருஷனை வாரிக் கொடுத்தவள் அதை எப்படிச் சொல்வாள்?

"ஏன் இல்ல சாமி, எம்புள்ள இருக்கான். ராஜா மாதிரி காப்பாத்துவான்."

லாரிக்காரனுடைய லாயர் அதைப் பிடித்துக்கொண்டார். தோட்டத்தில் பத்து வயதுப் பையனுக்கும் வேலை உண்டு, கூலி உண்டு என்றார். கேட்டதில் பாதிகூடக் கிடைக்கவில்லை. அப்படிக் கணக்குப் போட்டவர்கள் மேல் எனக்கு இன்னும் ஆத்திரம் தீரவில்லை. அவர்கள் வீட்டுப் பிள்ளைகள் அந்நேரம் பள்ளிக்கூடத்தில் உட்கார்ந்திருக்கும்.

அம்மாவின் வாக்கு பலித்தது. மறுநாள் விடியுமுன் பெரட்டில் பேர் கூப்பிட்டு அன்றைய வேலைக்கு ஆள் எடுக்கும்போது, பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்த அண்ணன் அப்பா ரப்பர்ப் பால் சுமந்த வாளியோடு வரிசையில் நின்றான். நடக்க நடக்க அது அவன் கணுக்காலில் இடித்தது.