எதிர்ப்பு உண்டா என்று கேட்ட காலை

அன்று காலை மாலதியின் வழக்கு மறுபடியும் தள்ளிப்போகத் தயாராக இருந்தது. கணவர் தரப்பு வழக்கறிஞருக்கு அன்று மதியம் தைப்பிங் நகரில் வேறு வழக்கு. மாலதியின் வழக்கறிஞர் எதிர்க்கவில்லை. நாளைக்கு இதே உதவி அவருக்கும் தேவைப்படும் அல்லவா? குடும்ப வழக்குகளில் யாரும் தனியாகத் தாமதம் செய்வதில்லை. எல்லாரும் சேர்ந்து, மிகுந்த மரியாதையோடு செய்வோம்.

ஜார்ஜ் டவுனில், வழக்குகள் மலாயில் நடக்கும் நீதிமன்றத்தில், நான் தமிழ் மொழிபெயர்ப்பாளனாக இருந்த கடைசி ஆண்டுகளில் நடந்தது இது.

மாலதி தாசேக் கெலுகோரில் ஒரு தொழிற்சாலையில் வேலை செய்தார். தம்பதி பிரிந்தபோது மகள் பாலிக் புலாவில் தகப்பன் வீட்டில் இருந்தாள். பிள்ளை யாரிடம் வளர வேண்டும் என்று தீர்ப்பு வரும்வரை அங்கேயே இருக்கட்டும் என்று இடைக்கால உத்தரவு. கேட்க நியாயமாகத்தான் இருக்கும். ஆனால் தீர்ப்பு தள்ளிப்போகப் போக, 'பிள்ளை இந்த வீட்டுக்குப் பழகிவிட்டது' என்ற வாதம் தானாகவே வலுப்பெறும். வழக்கு தொடங்கியபோது கைக்குழந்தை. இப்போது பள்ளி மாணவி. அம்மாவைச் சனிக்கிழமைகளில்தான் பார்த்தாள். இன்னும் சில ஒத்திவைப்புகள் போதும், தீர்ப்பே தேவைப்படாது.

ஒத்திவைப்பை எதிர்த்து மேல்முறையீடு செய்யவும் வழியில்லை. ஆனால் வேறொரு குடும்பத்தின் மேல்முறையீட்டில், மேல் நீதிமன்றத்துக்கு ஒரு சந்தேகம் வந்தது: இத்தனை ஒத்திவைப்புகளுக்கும் அந்தத் தாய் தகப்பன் சம்மதித்தார்களா? யாருக்கும் தெரியவில்லை. அதன்பின் எங்களுக்கு ஓர் அறிவுறுத்தல் வந்தது. பிள்ளைகள் தொடர்பான வழக்கைத் தள்ளிவைக்கும் முன், காரணத்தைப் பெற்றோரிடம் அவரவர் மொழியில் சொல்லி, பதிலைப் பதிவு செய்ய வேண்டும்.

அதுவரை தேதியை மட்டும் சொல்லி அனுப்புவதுதான் எங்கள் வழக்கம். அன்றுதான் முதல்முறையாகக் கேட்கப் போகிறோம். என்னதான் ஆகும் பார்ப்போம் என்று எனக்கும் ஆவல். நீதிபதி என் பக்கம் கையைக் காட்டினார். மாலதியிடம் திரும்பினேன்.

"எதிர்த்தரப்பு லோயருக்கு தைப்பிங்ல இன்னொரு கேஸாம். அதுக்காக உங்க கேஸ தள்ளிப் போடலாமான்னு கேக்கறாங்க. சம்மதமா?"

மாலதி தன் வழக்கறிஞரைப் பார்த்தார். அவர் காகிதங்களைப் பார்த்தார்.

"என்னையா கேக்கறாங்க?"

"உங்களத்தான்."

"தைப்பிங் கேஸுக்கு நான் ஏண்ணே காத்திருக்கணும்? வேணாம்லா. இன்னிக்கே நடத்தச் சொல்லுங்க."

மலாயில் சொன்னேன். எங்கள் ஊரில் எல்லா மொழியிலும் ஒட்டிக்கொள்ளும் அந்த 'லா'வுக்கு மட்டும் மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை.

அடுத்து கணவர் ராஜன், லோரி ஓட்டுநர். அவர் சம்மதிப்பார் என்றுதான் எல்லாரும் நினைத்தோம். ஒத்திவைப்பு கேட்டதே அவர் தரப்புதான்.

"எனக்கும் வேணாங்க. ஒவ்வொரு வாட்டியும் லோரிய நிறுத்திட்டு வரேன். மொதலாளி ஏசறாரு."

அவருடைய வழக்கறிஞர் சட்டென்று திரும்பினார். "மிஸ்டர் ராஜன், நான் உங்க லோயர்!"

"தெரியுதுங்க. அதான் இத்தன நாள் சும்மா இருந்தேன்."

நீதிபதி சிரிக்கவில்லை. ஒத்திவைக்க மறுத்து விசாரணையைத் தொடங்கினார். அந்த வாரமே மகளைத் தன் அறையில் தனியாகச் சந்தித்துப் பேசினார். பிறகு தீர்ப்பு: பள்ளித் தவணை முடிந்ததும் பிள்ளை அம்மாவிடம், வார இறுதிகளில் அப்பாவிடம்.

வெளியே ராஜன் தயங்கித் தயங்கி மாலதியிடம் வந்தார். முகம் வாடியிருந்தது.

"டூரியான் பழ சீசன் லீவுல பிள்ளைய கொஞ்ச நாள் கூடுதலா வச்சிக்கிறேன்லா."

"வச்சிக்க. ஸ்கூல் தொறக்கறதுக்கு முன்னாடி கொண்டாந்து விடு. இல்லன்னா மறுபடி கோர்ட்டுதான்."

"ஐயோ, வேணாம் தாயே!"

இந்த வேலைக்கு வரும் இளையவர்களுக்குச் சொல்கிறேன். காரணத்தை முழுதாக மொழிபெயர்த்துச் சொல்லுங்கள். பிறகு வாயை மூடிக்கொண்டு காத்திருங்கள். பதில் வரக் கொஞ்ச நேரமாகும். அவர்களை அதுவரை யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்.